பிரிட்டனியில் ஒரு வாரம்: ரென், லோரியாங், கெம்பேர், மோர்லே – எங்கே தங்குவது?

பிரான்சின் வடமேற்கு மூலையில், அட்லாண்டிக் கடலுக்குள் நீட்டிக்கொண்டிருக்கும் பிரிட்டனிக்குப் போகிறவர்களில் இரண்டு வகை உண்டு. கடற்கரை, கோட்டை, மீன் சாப்பாடு போதும் என்பவர்கள் எந்த ஊரில் அறை எடுத்தாலும் ஏமாற மாட்டார்கள். அவர்கள் மலிவான ஓட்டலைப் பார்த்துப் பதிவு செய்துவிட்டுக் கிளம்பலாம். "அங்கே தனி மொழி, தனி இசை, தனி அடையாளம் என்று ஒரு மக்கள் இருக்கிறார்களாமே, அதைப் பார்க்க வேண்டும்" என்று போகிறவர்களுக்குத்தான் தங்கும் ஊர் முக்கியம். தவறான ஊரில் இறங்கினால், ஒரு வாரம் அழகான பிரெஞ்சு ஊர்களைப் பார்த்துவிட்டு, பிரெட்டன் மக்களைச் சந்திக்காமலேயே திரும்பிவிடுவீர்கள்.

நடைமுறையில் நான்கு தேர்வுகள்: கிழக்கே ரென் (கூடவே சேன் மாலோ), தெற்கே லோரியாங், தென்மேற்கே கெம்பேர், வடமேற்கே மோர்லே. நான்குக்கும் பாரிசின் மோன்பர்னாஸ் நிலையத்திலிருந்து அதிவேக ரயில் இருக்கிறது. ரென்னுக்கு ஒன்றரை மணி நேரம், லோரியாங்குக்கும் மோர்லேக்கும் சுமார் மூன்று, கெம்பேருக்கு மூன்றரையை ஒட்டி. ஆக, போய்ச் சேருவதில் பெரிய வித்தியாசம் இல்லை. போன பிறகு என்ன கிடைக்கிறது என்பதில்தான் வித்தியாசம்.

கொஞ்சம் வரலாறு சொல்லியாக வேண்டும், ஏனென்றால் ஊர்த் தேர்வே அதில்தான் அடங்கியிருக்கிறது. 5, 6-ஆம் நூற்றாண்டுகளில் பிரிட்டன் தீவிலிருந்து கடல் தாண்டி வந்து குடியேறிய கெல்ட்டிய மக்கள், தங்கள் பெயரையும் மொழியையும் இங்கே கொண்டுவந்தார்கள். அந்த மொழிதான் பிரெட்டன். வேல்ஸ் மொழிக்கும் கார்ன்வாலின் மொழிக்கும் நெருங்கிய உறவு. பிரெஞ்சின் கிளை அல்ல. பிறகு பல நூற்றாண்டுகள் தனி டியூக்குகளின் ஆட்சி. 1488-இல் பிரெஞ்சுப் படையிடம் தோற்றார்கள். இளவரசி ஆன் அடுத்தடுத்து இரண்டு பிரெஞ்சு மன்னர்களுக்கு மனைவியானார். 1532-இல் பிரிட்டனி அதிகாரபூர்வமாகப் பிரான்சோடு இணைந்தது.

ஆனால் டியூக்குகளின் காலத்திலேயே பிரிட்டனி முழுக்க பிரெட்டன் பேசவில்லை. கிழக்குப் பாதியில் கலோ என்ற, பிரெஞ்சுக்கு நெருக்கமான பேச்சு. மேற்குப் பாதியில்தான் பிரெட்டன். எங்கும் பறக்கும் அந்தக் கறுப்பு வெள்ளைக் கொடியிலேயே இது இருக்கிறது. 1920-களில் மோர்வான் மர்ஷால் வடிவமைத்த கொடி அது. ஐந்து கறுப்புப் பட்டைகள் கிழக்கின் பழைய மறைமாவட்டங்களுக்கு, நான்கு வெள்ளைப் பட்டைகள் மேற்கின் மறைமாவட்டங்களுக்கு. ரென் கறுப்பில் வரும். கெம்பேரும் மோர்லேயும் வெள்ளையில்.

சரி, மேற்கே போனால் ரொட்டிக் கடையில் பிரெட்டன் கேட்குமா? கேட்காது. 1950 வாக்கில் பத்து லட்சத்துக்கும் மேற்பட்டோர் பேசிய மொழி. 2018 கணக்கெடுப்பில் சுமார் இரண்டு லட்சம் பேர். 2024-இல் எடுத்ததில் ஒரு லட்சத்து ஏழாயிரம். பள்ளியில் பிரெட்டன் பேசிய பிள்ளையின் கழுத்தில் மரக்கட்டையோ பழைய மரச்செருப்போ தொங்கவிட்டு அவமானப்படுத்திய காலத்தில் வளர்ந்தவர்கள், தங்கள் பிள்ளைகளிடம் அந்த மொழியைப் பேசவில்லை. 1977-இல் பெற்றோர்களே சேர்ந்து திவான் என்ற பெயரில் பிரெட்டன் வழிப் பள்ளிகளைத் தொடங்கினார்கள். 2021-இல் நாடாளுமன்றம் நிறைவேற்றிய வட்டார மொழிச் சட்டத்தில், முழுக்க அந்த மொழியிலேயே கற்பிக்கும் முறையை அரசியலமைப்பு மன்றம் செல்லாது என்றது. பிரச்சினை இன்னும் ஓயவில்லை. இரட்டை மொழிப் பெயர்ப்பலகைகளோ கிழக்கே ரென் வரை எங்கும் இருக்கின்றன. பலகையைப் பார்த்து "இது பிரெட்டன் ஊர்" என்று முடிவு கட்ட வேண்டாம்.

இன்னொரு எச்சரிக்கையும் உண்டு. பிரிட்டனிக்கு வந்த பயணிகள் பெரும்பாலும் தாங்கள் தேடி வந்ததையே கண்டுபிடித்துத் திரும்பியிருக்கிறார்கள். 1788-இல் ஆங்கிலேய வேளாண் அறிஞர் ஆர்தர் யங் வந்தார். கோம்பூர் ஊரின் சேறும் வறுமையும் பார்த்துவிட்டு, இந்த அழுக்கின் நடுவே கோட்டையில் வாழும் ஷதோப்ரியான் என்பவர் யாரோ என்று வியந்து எழுதினார். அந்த வீட்டுப் பிள்ளைதான் பின்னால் பிரெஞ்சு இலக்கியத்தின் பெரும் பெயர்களில் ஒன்றாக ஆனவர். 1847-இல் பின்னால் நாவலாசிரியராகப் பேர் வாங்கிய இளம் ஃப்ளோபேர் நண்பரோடு நடந்தே சுற்றினார். 1863-இல் கெம்பேருக்கும் 1865-இல் பிரெஸ்ட்டுக்கும் ரயில் வந்த பிறகு ஓவியர்கள் குவிந்தார்கள். ஓவியர் கோகேன் 1886-இல் போன் தாவேன் என்ற ஊரில் இறங்கியதற்கு அங்கே வாழ்க்கைச் செலவு குறைவு என்பதும் ஒரு காரணம். வெள்ளைத் தலையணி போட்ட பெண்கள், கல் சிலுவைகள், பக்தி: இன்றும் அஞ்சலட்டையில் இருக்கும் பிரிட்டனி அவர்கள் வரைந்ததுதான்.

அதே ரயிலில் எதிர்ப்பக்கமாக, வீட்டு வேலைக்கும் கூலி வேலைக்கும் பிரெட்டன்கள் பாரிசுக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். பாரிஸ்காரர்களுக்கு அவர்கள் கேலிப்பொருள். 1905-இல் ஒரு சிறுமியர் வார இதழில் தோன்றிய பெக்கசீன் என்ற அப்பாவி பிரெட்டன் பணிப்பெண் சித்திரக் கதைப் பாத்திரத்துக்கு வாயே வரையப்படவில்லை. தலையணிப் பாட்டியைப் படமெடுக்க அலைகிறவர்கள் இதை நினைவில் வைத்துக்கொள்வது நல்லது. அந்தத் தலையணியை இன்று யாரும் தினமும் அணிவதில்லை. விழாவிலும் நடனக் குழுவிலும் மட்டும்தான்.

அப்படியானால் இன்று உயிரோடு இருப்பது எது? என் கணக்கில், ஃபெஸ்ட்-நோஸ். இரவில் ஊர் கூடி ஆடும் நடனக் கூட்டம். பழைய விவசாயச் சமூகத்தோடு மறைந்துகொண்டிருந்ததை 1950-களில் நடு பிரிட்டனியில் லோயஸ் ரோபார் போன்றவர்கள் மண்டபத்துக்குக் கொண்டுவந்து மீட்டார்கள். 2012-இல் யுனெஸ்கோவின் மரபுப் பட்டியலில் சேர்ந்தது. மேடைக் கலை நிகழ்ச்சி என்று நினைத்துப் போக வேண்டாம். பார்வையாளர் வரிசை என்று ஒன்று பெரும்பாலும் இருக்காது. ஊர்ப் பொது மண்டபம், குழல்விளக்கு, ஓரமாக மேசையில் சிதர் என்ற ஆப்பிள் மதுவும், க்ரெப் என்ற மெல்லிய தோசை போன்ற பண்டமும் விற்கும் தன்னார்வலர்கள், நுழைவுக் கட்டணம் பெரும்பாலும் பத்து யூரோவுக்குள். ஒன்பது மணிக்கு மேல்தான் சூடு பிடிக்கும்.

மேடையில் இரண்டு பேர் தோளோடு தோள் ஒட்டி நின்று, வாத்தியமே இல்லாமல் பாடுவார்கள். முதலாமவர் ஒரு அடியைப் பாடி முடிக்கும் முன்பே இரண்டாமவர் அதன் கடைசி அசைகளில் சேர்ந்துகொண்டு, பிறகு அடி முழுவதையும் திருப்பிப் பாடுவார். அவர் முடிக்கும் இடத்தில் முதலாமவர் புகுவார். இதற்குக் கான் ஹா திஸ்கான் என்று பெயர். இருவர் பாட்டுக்கும் நடுவே ஒரு மூச்சு அளவுகூட இடைவெளி விழாது என்பதால், கீழே ஆடுகிறவர்களின் காலும் நிற்காது. அடுத்த சுற்றுக்கு பொம்பார்ட் என்ற காதைத் துளைக்கும் ஊதுகருவியும், பினியு என்ற சின்னப் பைக்குழலும் வரும். அன் த்ரோ நடனத்தில் பக்கத்திலிருப்பவர் சுண்டுவிரலோடு உங்கள் சுண்டுவிரலைக் கோத்துக்கொண்டு, கைகளை வட்டமாகச் சுழற்றியபடி இடப்பக்கமாக நகர வேண்டும். எழுபது வயதுக்காரரும் பதினாறு வயதுப் பெண்ணும் ஒரே சங்கிலியில் இருப்பார்கள். புதியவர் சங்கிலியின் வாலில் போய்ச் சேரலாம், யாரும் ஒன்றும் சொல்ல மாட்டார்கள். தலைப்பக்கம் மட்டும் போய் நுழையக் கூடாது.

ஆகவே நான்கு ஊர்களையும் ஒரே கேள்வியால் அளக்கிறேன்: சனிக்கிழமை இரவு ஒரு கிராமத்து ஃபெஸ்ட்-நோஸுக்குப் போய்விட்டு நள்ளிரவில் அறைக்குத் திரும்ப முடியுமா? மற்றதெல்லாம் அப்புறம்தான்.

ரென் இந்தக் கேள்வியில் பாதி தேறும். மாணவர் நகரம், நகருக்குள்ளேயே அவ்வப்போது ஃபெஸ்ட்-நோஸ் நடக்கும், நடந்தே திரும்பலாம். பல்கலைக்கழகத்தில் பிரெட்டன் துறை இருக்கிறது. பார்லமான் எனப்பட்ட பழைய உயர் நீதிமன்றத்தின் கட்டடம் 1720-இன் பெருந்தீயில் தப்பி, 1994-இல் மீனவர் போராட்டம் நடந்த இரவில் தீப்பிடித்து, மறுபடி எழுப்பப்பட்டது. சனிக்கிழமை காலை லீஸ் சதுக்கச் சந்தையை விட்டுவிடக் கூடாது. ஷான் லீப்ர் வளாகத்தில் உள்ள பிரிட்டனி அருங்காட்சியகம், மொத்த வரலாற்றையும் அரை நாளில் தலையில் ஏற்றிவிடும். ஆனால் இது தலைநகரம், பிரெஞ்சு பேசிய ஊர். ஒரு வாரத்துக்கு இங்கேயே உட்கார்ந்தால் பிரிட்டனியைப் பற்றி நிறையத் தெரிந்துகொள்வீர்கள், பிரிட்டனிக்குள் போயிருக்க மாட்டீர்கள். ஒரு இரவு, அதிகபட்சம் இரண்டு.

சேன் மாலோவைப் பற்றி எல்லாரும் கேட்பார்கள். மதில் சூழ்ந்த கடல் நகரம், அழகுதான். 1944 ஆகஸ்டில் குண்டுவீச்சில் பெரும்பகுதி அழிந்து, பழையபடியே மறுபடி கட்டியது. அவ்வூர்க்காரர்கள் பிரெஞ்சும் இல்லை, பிரெட்டனும் இல்லை, நாங்கள் மாலோக்காரர்கள் என்று சொல்லிக்கொள்வது வழக்கம். 1590 முதல் நான்கு ஆண்டுகள் தனிக் குடியரசாகவே இருந்து பார்த்தார்கள். நமக்கு இங்கே ஒரு பழைய கணக்கும் இருக்கிறது. 1746-இல் ஆங்கிலேயரிடமிருந்து சென்னையைப் பிடித்த லா பூர்தொனே இந்த ஊரில் பிறந்தவர். பிடித்த நகரத்தை என்ன செய்வது என்று புதுச்சேரி ஆளுநர் துய்ப்ளேயோடு தகராறு முற்றி, ஊர் திரும்பியதும் பாஸ்தீய் சிறையில் கிடந்தார். ரென்னிலிருந்து ரயிலில் ஒரு மணி நேரத்துக்குள் போய் ஒரு பகலில் பார்த்துத் திரும்பலாம். அதோடு சேர்த்து எல்லாரும் ஓடும் மோன் சேன் மிஷேல் நார்மண்டியில் இருக்கிறது. பிரெட்டன் பயணத்தில் அதற்கு இடம் இல்லை என்பது என் பிடிவாதம்.

நாந்த் நகரத்தை ஏன் பட்டியலில் சேர்க்கவில்லை என்று கோபிக்கும் பிரெட்டன்கள் இருப்பார்கள், நியாயமும் உண்டு. டியூக்குகளின் கோட்டை அங்கேதான் இருக்கிறது. 1477-இல் ஆன் பிறந்ததும் அங்கேதான். 1941-இல், ஜெர்மானியரோடு ஒத்துழைத்த விஷி அரசு அந்த மாவட்டத்தைப் பிரிட்டனியிலிருந்து பிரித்தது, போருக்குப் பின் வந்த வட்டாரப் பிரிவினையும் அதைத் திருத்தவில்லை. மீண்டும் சேர்க்கக் கோரி இன்றும் ஊர்வலம் போகிறார்கள். யாராவது இந்தப் பேச்சை எடுத்தால், காப்பி ஆறும் வரை கேட்கத் தயாராக இருங்கள். தங்குவதற்கு மட்டும் அது தொலைவு.

லோரியாங்கின் கதை தேதியைப் பொறுத்தது. ஆகஸ்ட் முதல் பாதியில் பத்து நாள் நடக்கும் கெல்ட்டிய விழா 1971-இல் தொடங்கியது. ஸ்காட்லாந்து, அயர்லாந்து, வேல்ஸ், ஸ்பெயினின் கலீசியா என்று எல்லாத் திசையிலிருந்தும் குழுக்கள் வரும். பகாட் எனப்படும் பெரிய பைக்குழல், பொம்பார்ட், முரசு அணிகளின் உச்சப் போட்டி இங்கேதான். ஒரு நல்ல பகாட் பத்தடி தூரத்தில் ஊதும்போது நெஞ்சுக்கூடு அதிரும், ஒலிப்பதிவில் அது பாதிகூட வராது. இதற்காகவே போகிறீர்கள் என்றால் வேறு ஊரை யோசிக்க வேண்டாம். அறையை மட்டும் பல மாதம் முன்பே பிடித்துவிடுங்கள். கூட்டம் லட்சக்கணக்கில் என்பதால், இது விழாவே தவிர கிராமத்து வாழ்க்கை இல்லை என்பதையும் தெரிந்துகொண்டு போங்கள்.

மற்ற மாதங்களில் லோரியாங் சாதாரண கான்கிரீட் நகரம். 1943 குண்டுவீச்சில் தரைமட்டமாகி, ஜெர்மானிய நீர்மூழ்கித் தளம் மட்டும் அசையாமல் நின்றது. இருந்தாலும் தமிழ் வாசகர் ஒரு பகலை இங்கே செலவிடக் காரணம் இருக்கிறது. 1666-இல் பிரெஞ்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியின் கப்பல் கட்டும் தளமாகப் பிறந்த ஊர் இது. புதுச்சேரிக்குக் கப்பல்கள் இங்கிருந்துதான் புறப்பட்டன. சோழமண்டலக் கரையின் துணிகள் இங்கே வந்து இறங்கி ஏலம் போயின. எதிர்க்கரையில் போர் லூயி கோட்டைக்குள் கம்பெனி அருங்காட்சியகம் இருக்கிறது. லோரியாங்கிலிருந்து சின்னப் படகில் போகலாம். அந்தத் துணிகளுக்கும் வரைபடங்களுக்கும் முன்னால் நிற்கும்போது, புதுச்சேரி வெள்ளை நகரத்தின் தெருப் பெயர்கள் திடீரென்று புரிய ஆரம்பிக்கும்.

லோரியாங்கிலிருந்து பக்கம்தான் கார்னாக். நான்கு கிலோமீட்டர் நீளத்துக்கு வரிசை வரிசையாக ஏறத்தாழ மூவாயிரம் நடுகற்கள். 2025-இல் யுனெஸ்கோ உலக மரபுச் சின்னமானது. கண்டிப்பாகப் பாருங்கள், ஆனால் பிரெட்டன் பண்பாடு என்ற கணக்கில் சேர்க்காதீர்கள். கெல்ட்டியர் இந்தப் பக்கம் வருவதற்குச் சில ஆயிரம் ஆண்டுகள் முன்பே அந்தக் கற்கள் நின்றுகொண்டிருந்தன. கோடையில் வேலிக்குள் போக வழிகாட்டியோடு சீட்டு எடுக்க வேண்டும். அக்டோபர் முதல் மார்ச் வரை சும்மா நடக்கலாம்.

கார் ஓட்டாதவர்களுக்கு என் பரிந்துரை கெம்பேர். இரண்டு கூர்கோபுரங்களுக்கு நடுவே குதிரைமேல் உட்கார்ந்திருக்கும் மன்னன் கிராத்லோன் சிலையோடு சேன் கொராந்தேன் பேராலயம். கடலில் மூழ்கியதாகச் சொல்லும் ஈஸ் நகரத்தின் அரசன் அவன். பக்கத்திலேயே பழைய ஆயர் மாளிகையில் பிரெட்டன் அருங்காட்சியகம். ஜூலையில் கொர்னுவாய் விழா, வேர் 1923 வரை போகிறது. லோரியாங்கைவிடச் சிறியது, உள்ளூர்த்தன்மை அதிகம். சுற்றிலும் அரை நாள் பயணங்கள் பஸ்ஸிலேயே முடியும்: ஒரு முழத்துக்கு நெருங்கும் உயரத் தலையணிக்குப் பேர்போன பிகூதேன் பகுதியின் போன் லாபே, மத்தி மீன் துறைமுகமாக இருந்த துவார்னெனே, கருங்கல் ஊர் லோக்ரோனான். வெண்ணெயும் சர்க்கரையும் அடுக்கடுக்காகச் சேர்த்துச் சுடும் கூயின் அமான் துவார்னெனேயில் பிறந்த பண்டம். இரண்டாவது துண்டு கேட்காதீர்கள்.

லோக்ரோனானில் ஜூலை இரண்டாம் ஞாயிறு திரோமேனி ஊர்வலம். புனிதர் ரோனான் நடந்ததாகச் சொல்லும் பாதையில் ஊரே கொடி ஏந்திப் போகும். ஆறு ஆண்டுக்கு ஒருமுறை 12 கிலோமீட்டர் பெரிய சுற்று. 2025-இல் நடந்துவிட்டது, அடுத்தது 2031-இல். மற்ற ஆண்டுகளில் சின்னச் சுற்று. இதுபோன்ற புனிதர் விழாக்களுக்குப் பார்தோன் என்று பெயர்: மே மூன்றாம் ஞாயிறு திரெகியேயில் வழக்கறிஞர்களின் புனிதர் இவோ, ஜூலை 26 சேன் ஆன் தோரேயில். தேதி பொருந்தினால் ஒன்றுக்காவது போங்கள். முகத்துக்கு நேரே கேமராவை நீட்ட வேண்டாம்.

கெம்பேரின் குறை இரவுதான். மாலைக்கு மேல் பஸ் இல்லை. நகருக்குள் நடக்கும் ஃபெஸ்ட்-நோஸோடு நிறுத்திக்கொள்ள வேண்டியிருக்கும். கோடையில் அதுவே நிறைய உண்டு.

கார் ஓட்டுகிறவர்கள் யோசிக்காமல் மோர்லேயைப் பிடியுங்கள். ஊரின் தலைக்கு மேலே 58 மீட்டர் உயர ரயில் பாலம், கீழே மரச்சட்ட வீடுகள். ஊர் அரை நாளில் முடிந்துவிடும். அருமை அதைச் சுற்றியிருப்பதில். லினன் துணி நெய்து இங்கிலாந்துக்கும் ஸ்பெயினுக்கும் விற்றுப் பணம் பார்த்த கிராமங்கள், 16, 17-ஆம் நூற்றாண்டுகளில் பக்கத்து ஊரைவிடப் பெரிதாகக் கட்ட வேண்டும் என்ற போட்டியில் எழுப்பிய கோவில் வளாகங்கள் அவை. சின்னக் கிராமத்தில்கூட வெற்றி வளைவு, எலும்பறை, கல் சிலுவை மேடை எல்லாம் நிற்கும். கிமிலியோவின் 1580-களின் சிலுவை மேடையில் இருநூறுக்கும் மேற்பட்ட கல் உருவங்கள். அதில் கேத்தெல் கொல்லெத் என்ற ஆட்டப் பைத்தியமான பெண்ணைப் பிசாசுகள் நரகத்தின் வாய்க்குள் இழுத்துக்கொண்டு போகின்றன. நடனத்தால் கெட்டவளைச் செதுக்கி வைத்த அதே வட்டாரத்தில் இன்றும் சனிக்கிழமை இரவு ஆடித் தீர்க்கிறார்கள் என்பது வேறு விஷயம். லா ரோஷ் மோரிஸில், எலும்பறைச் சுவரில் புனித நீர்த் தொட்டிக்கு மேலே 'ஆங்கு' என்பவன் நிற்கிறான். சாவை உருவமாக்கிய எலும்புக்கூடு. "உங்கள் எல்லாரையும் கொல்கிறேன்" என்று பிரெஞ்சில் பொறித்திருக்கிறது. கையை நனைக்கக் குனிகிறவர் தலைக்கு நேர் மேலே அது வருகிறது.

வடக்கே அரை மணி நேரத்தில் ரோஸ்கோஃப். 1828 முதல் அந்த ஊர் விவசாயிகள் வெங்காயத்தைச் சரமாகக் கட்டி இங்கிலாந்தில் வீடு வீடாக விற்றார்கள். தெற்கே ஆரே குன்றுகளைத் தாண்டினால் கரே ஊரும் நடு பிரிட்டனியும். பாடகர்களும் ஃபெஸ்ட்-நோஸும் அடர்த்தியாக இருப்பது அங்கேதான். தாம்-கிரெய்ஸ் என்ற இணையதளத்தில் தேதி வாரியாக எல்லாம் பட்டியலாக இருக்கும். நள்ளிரவில் காரில் ஒரு மணி நேரத்துக்குள் அறைக்கு வந்துவிடலாம். ஓட்டுபவர் சிதரைத் தொடக் கூடாது, அவ்வளவுதான். பிரிட்டனியின் விரைவுச் சாலைகளுக்குச் சுங்கம் கிடையாது. ஆன் அரசி வாங்கித் தந்த சலுகை என்று உள்ளூரில் கதை சொல்வார்கள். உண்மையில் 1960-களின் இறுதியில் மத்திய அரசு போட்ட சாலைத் திட்டத்தால் வந்தது.

சாப்பாடு எங்கும் ஒன்றுதான். கறுப்பு கோதுமை எனப்படும் பக்வீட் மாவை வட்டக் கல்லில் மரக்கோலால் இழுத்து மெலிதாகச் சுடும் கலேத், நம் ரவா தோசைக்குத் தூரத்துச் சொந்தம் மாதிரி ஓரம் முறுகலாக வரும். மாவில் பொதுவாகத் தண்ணீரும் உப்பும்தான். 'கொம்ப்ளேத்' என்று கேட்டால் பன்றி இறைச்சி, முட்டை, சீஸ் மூன்றும் வரும். இறைச்சி வேண்டாம் என்பவர்கள் 'சான் ஜாம்போன்' என்று சொன்னால் போதும். முட்டையும் தொடாதவர்களுக்குச் சீஸ், காளான், வெங்காயம் உண்டு. மதியம் இரண்டு மணிக்கு அடுப்பை அணைத்தால் இரவு ஏழுக்குத்தான் மறுபடி பற்றவைப்பார்கள். கார்னாக்கில் நேரம் போவது தெரியாமல் நின்றுவிட்டு மூன்று மணிக்குச் சாப்பாடு தேடினால் பிஸ்கட்தான்.

ஒரு வாரத்தைப் பிரித்துச் சொன்னால்: கார் இருந்தால் ரென்னில் ஒரு இரவு, மீதி மோர்லே. இல்லாவிட்டால் ரென்னில் ஒரு இரவு, மீதி கெம்பேர். ஒரு பகல் லோரியாங், போர் லூயி. ஆகஸ்டின் அந்தப் பத்து நாளில் மட்டும் லோரியாங். குளிர்காலம் தாழ்வில்லை. மழை பெய்யும், விழாக்கள் இருக்காது, ஆனால் ஃபெஸ்ட்-நோஸ் ஆண்டு முழுவதும் உண்டு. அப்போது வருகிற வெளியூர்க்காரர் நீங்கள் மட்டுமாகவும் இருக்கலாம்.

வாடகைக் காருக்கு நம் உரிமத்தோடு சர்வதேச ஓட்டுநர் அனுமதியையும் எடுத்துப் போங்கள். ஆட்டோமேட்டிக் வண்டி வேண்டுமானால் முன்கூட்டியே சொல்ல வேண்டும். சின்ன ஊர்களில் வாடகை அலுவலகம் மதியம் மூடிவிடும், ஞாயிற்றுக்கிழமை திறக்காமலும் இருக்கலாம். வண்டியை ரென் நிலையத்திலேயே எடுத்துக்கொண்டு மேற்கே ஓட்டுவது வசதி.